இரண்டாம் மொழி – 9: கடல் நீர்நாயும் கோடிட்ட இடமும்

உளவியலாளர் எபிங்ஹாஸின் மறதிக் கணக்கைப் போன வாரமே முடித்துவிட்டோம். படித்ததில் பெரும்பங்கு முதல் நாளிலேயே கழன்றுபோகிறது என்பது மட்டும் நினைவிருந்தால் போதும். இந்த வாரம் ஏ, ஆன், தி என்ற மூன்று ஆர்ட்டிகிள்களைப் பற்றி எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அவை வரிசையாக வந்து நிற்கும் பிராக்ரஸ் டெஸ்டுக்கு எப்படித் தயாராவது என்பதை முதல் பத்தியில் சொல்லிவிட்டு விஷயத்துக்குப் போகலாம் என்று பார்த்தால், அந்த முதல் பத்தியே விஷயமாகிவிட்டது. 2006-ல் வெளியான ஓர் அமெரிக்கச் சோதனையும் அதில் வரும் கடல் நீர்நாயும்தான் காரணம்.

பிராக்ரஸ் டெஸ்ட் எது என்பதில் பலருக்கும் ஒரு மயக்கம் இருக்கிறது. வகுப்பில் சேரும்போது எந்த நிலையில் உட்கார வைக்கலாம் என்று பார்ப்பது பிளேஸ்மென்ட் டெஸ்ட். வெளிநாட்டுப் படிப்புக்கும் விசாவுக்கும் எழுதும் ஐஈஎல்டிஎஸ், நீங்கள் எந்தப் புத்தகத்தை யாரிடம் படித்தீர்கள் என்று கேட்காமல் உங்கள் ஆங்கிலம் மொத்தத்தையும் அளப்பது. பிராக்ரஸ் டெஸ்ட் இரண்டிலும் சேராது. நான்கைந்து யூனிட் முடிந்ததும், அந்த யூனிட்களில் நடத்தியது எவ்வளவு தங்கியிருக்கிறது என்று மட்டும் கேட்பது அது. பிரீ-இன்டர்மீடியட் என்பது, ஐரோப்பிய கவுன்சில் 2001-ல் வெளியிட்ட ஆறு படிகளில், ஏ2-வில் காலூன்றி பி1-ஐ எட்டிப் பிடிக்கும் நிலை. லிஸ் சோர்ஸும் ஜான் சோர்ஸும் எழுதிய 'ஹெட்வே' வரிசையாகட்டும், அதற்குப் போட்டியாக வந்தவையாகட்டும், இந்த நிலையில் கிராமர் பாடத்திட்டம் ஏறக்குறைய ஒன்றுதான். சிம்பிள் பிரசென்டும் பிரசென்ட் கன்டின்யூயஸும், சிம்பிள் பாஸ்டும் பிரசென்ட் பெர்ஃபெக்டும், வில்லும் கோயிங் டு-வும், மஸ்டும் ஹேவ் டு-வும், மச்சும் மெனியும், முதல் வகை இஃப் வாக்கியமும் இரண்டாம் வகையும், கொஞ்சம் பாசிவ். பட்டியலை உற்றுப் பார்த்தால் பெரும்பாலானவை ஜோடி ஜோடியாக வருவது தெரியும். இந்த ஜோடிகள்தான் இந்தக் கட்டுரையின் அச்சு. கொஞ்சம் பொறுங்கள்.

டெஸ்ட் வருகிறது என்றதும் நாம் செய்வது என்ன? புத்தகத்தைத் திறக்கிறோம். விதி எழுதியிருக்கும் கட்டத்தை மஞ்சள் ஹைலைட்டரால் பூசுகிறோம். மறுபடி படிக்கிறோம். ஏற்கெனவே விடை எழுதிய பயிற்சிகளைக் கண்ணால் ஒருமுறை மேய்கிறோம். எல்லாம் தெரிந்ததுபோல் இருக்கிறது. இந்தத் 'தெரிந்ததுபோல்' என்பதுதான் நம்மை ஏமாற்றுகிறது என்பதும், புத்தகத்தை மூடிவைத்துக் கலந்து கட்டிய கேள்விகளுக்கு விடை எழுதுவதே கிராமர் டெஸ்டுக்கான உருப்படியான தயாரிப்பு என்பதும் என் வாதம். நல்ல ஆசிரியர்கள் காலங்காலமாகச் சொல்லிவந்ததுதான் இது. கையில் எண்களோடு சொல்ல முடிகிறது என்பது நம் காலத்துக்குக் கிடைத்த வசதி.

நீர்நாய்க்கு வருகிறேன். செயின்ட் லூயிஸ் நகரிலுள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் ஹென்றி ரோடிகர், ஜெஃப்ரி கார்ப்பிக் என்ற இரண்டு உளவியலாளர்கள் கல்லூரி மாணவர்களிடம் இரண்டு சிறு உரைப்பகுதிகளைக் கொடுத்தார்கள். ஒன்று சூரியனைப் பற்றியது, மற்றது கடல் நீர்நாயைப் பற்றியது. இரண்டையும் அவர்கள் எங்கிருந்து எடுத்தார்கள் என்று தெரிந்தபோதுதான் எனக்கு உற்சாகம் தாங்கவில்லை. ஆங்கிலத்தை அயல்மொழியாகப் படிப்பவர்கள் எழுதும் டோஃபெல் தேர்வுக்கான தயாரிப்புப் புத்தகத்திலிருந்து! நினைவாற்றல் ஆய்வில் இன்று அதிகம் மேற்கோள் காட்டப்படும் சோதனைகளில் ஒன்று, இந்தத் தொடரின் வாசகர்கள் கையில் வைத்திருக்கும் வகைப் புத்தகத்தின் ஒரு பக்கத்தை வைத்து நடந்திருக்கிறது.

சோதனையின் இரண்டாம் பகுதியில் மாணவர்களை மூன்று குழுவாகப் பிரித்தார்கள். முதல் குழு நான்கு அமர்வுகளிலும் அந்தப் பகுதியைப் படித்துக்கொண்டே இருந்தது. இரண்டாம் குழு மூன்று அமர்வுகளில் படித்துவிட்டு, நான்காவதில் வெற்றுத்தாளில் நினைவிலிருந்து எழுதியது. மூன்றாம் குழுவுக்கு ஒரே ஓர் அமர்வுதான் படிப்பு. மீதி மூன்றிலும் பகுதியைப் பார்க்காமல் நினைவுக்கு வந்ததை வெற்றுத்தாளில் எழுத வேண்டும். எழுதியது சரியா தவறா என்றுகூட யாரும் சொல்லவில்லை. முதல் குழுவினர் சராசரியாக 14.2 முறை அந்தப் பகுதியைப் படித்திருந்தார்கள், மூன்றாம் குழுவினர் வெறும் 3.4 முறை. ஐந்து நிமிடம் கழித்து எவ்வளவு நினைவிருக்கிறது என்று பார்த்தபோது, படித்துக்கொண்டே இருந்தவர்கள் 83 சதவீதம், ஒருமுறை எழுதிப் பார்த்தவர்கள் 78, மூன்று முறை எழுதிப் பார்த்தவர்கள் 71. இதோடு நிறுத்தியிருந்தால் ஹைலைட்டருக்கு வெற்றி என்று எழுதிவிட்டுப் போயிருக்கலாம். ஒரு வாரம் கழித்து வேறு மாணவர்களிடம் அதே அளவை எடுத்தார்கள். வரிசை அப்படியே கவிழ்ந்துவிட்டது. படித்துக்கொண்டே இருந்தவர்களிடம் மிஞ்சியது 40 சதவீதம். ஒருமுறை எழுதியவர்களிடம் 56. மூன்று முறை எழுதியவர்களிடம் 61. பதினான்கு முறை கண்ணால் கண்டதைவிட, மூன்றரை முறைகூடப் படிக்காமல் மூளையைக் கசக்கி எழுதியது அதிகமாகத் தங்கியிருக்கிறது.

இன்னொரு தகவலும் இதில் உண்டு, தேர்வுக்குப் படிப்பவர்களுக்கு அதுதான் முக்கியம் என்பேன். படித்து முடித்த கையோடு, ஒரு வாரம் கழித்து இது எந்த அளவுக்கு நினைவிருக்கும் என்று மாணவர்களையே கணிக்கச் சொன்னார்கள். அதிக நம்பிக்கையோடு இருந்தவர்கள் படித்துக்கொண்டே இருந்த குழுவினர், அதாவது பின்னால் அதிகம் மறக்கப்போகிறவர்கள். மூன்று முறை எழுதியவர்களுக்கோ நம்பிக்கை குறைவாக இருந்தது. வெற்றுத்தாளுக்கு முன்னால் உட்கார்ந்து வராததையெல்லாம் நேரில் பார்த்தவர்கள் அல்லவா? ஒரு பக்கத்தை ஐந்தாம் முறை படிக்கும்போது வாக்கியங்கள் வழுக்கிக்கொண்டு ஓடுகின்றன, அந்த வழுக்கலை நாம் அறிவு என்று எண்ணிக்கொள்கிறோம். டெஸ்டுக்கு முந்தைய இரவு எல்லாம் தெரிந்ததுபோல் இருந்ததற்கும் மறுநாள் ஹாலில் பேனா ஓடாததற்கும் இடையில் நிற்கும் காரணம் இதுதான். சோம்பலும் மந்த புத்தியும் இதில் குற்றவாளிகள் இல்லை. அதே இருவர் 2008-ல் நாற்பது சுவாஹிலிச் சொற்களை வைத்து இன்னொரு சோதனை நடத்தினார்கள். சொல்லைத் திரும்பத் திரும்ப நினைவிலிருந்து வரவழைத்தவர்கள் ஒரு வாரத்துக்குப் பின் 80 சதவீதம் சொன்னார்கள். ஒருமுறை சரியாகச் சொன்னதும் அந்தச் சொல்லைத் திரும்பக் கேட்பதை நிறுத்தி, படிப்பதை மட்டும் தொடர்ந்தவர்கள் அதில் பாதியைக்கூட எட்டவில்லை. இதை 1620-லேயே தத்துவஞானி பிரான்சிஸ் பேக்கன் சொல்லியிருக்கிறார். ஒரு பகுதியை இருபது முறை படிப்பதைவிடப் பத்து முறை படித்து, இடையிடையே சொல்லிப் பார்த்து, வராத இடத்தில் மட்டும் புத்தகத்தைப் பார்ப்பது மேல் என்பது அவர் கருத்து. அதற்கு எண்கள் வந்துசேர ஏறக்குறைய முந்நூறு ஆண்டு ஆகியிருக்கிறது.

இங்கே ஒரு நியாயமான ஆட்சேபம் எழும். நீர்நாய் என்ன தின்னும், எங்கே வாழும் என்பது செய்தி. கிராமர் செய்தி இல்லையே? பிரசென்ட் பெர்ஃபெக்டின் விதியை நினைவிலிருந்து எழுதத் தெரிந்தவர் டெஸ்டில் சரியாகப் போட்டுவிடுவார் என்று என்ன நிச்சயம்? நிச்சயம் எதுவும் இல்லை, ஒப்புக்கொள்கிறேன். விதியை அட்சரம் பிசகாமல் ஒப்பிப்பவர்கள் கோடிட்ட இடத்தில் தடுக்கி விழுவது எல்லா வகுப்பிலும் நடக்கிறது. எட்டாம் வாய்ப்பாட்டை முதலிலிருந்து கடகடவென்று சொல்லும் பிள்ளை, 'எட்டேழு?' என்று நடுவில் கேட்டதும் ஓரெட்டிலிருந்து மறுபடி தொடங்குகிறதே, அந்தக் கதைதான். ஒப்பிப்பதும் நினைவிலிருந்து எடுப்பதுதான் என்றாலும், எடுக்கும் வரிசை ஒன்றே ஒன்று. டெஸ்ட் அந்த வரிசையில் கேட்பதில்லை. அதனால் புத்தகத்தை மூடினால் மட்டும் போதாது. மூடிய பிறகு எப்படிப்பட்ட கேள்வியை எதிர்கொள்கிறோம் என்பதும் சேர்ந்தால்தான் வாதம் முழுமையாகும்.

ஒரு பயிற்சியைப் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம். தலைப்பில் 'பிரசென்ட் பெர்ஃபெக்ட்' என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது. கீழே பத்து வாக்கியங்கள். ஒவ்வொன்றிலும் ஒரு கோடு, வரியின் கடைசியில் அடைப்புக்குறிக்குள் ஒரு வினை. 'ஷீ ____ ஹெர் கீஸ்', வினை 'லூஸ்'. 'ஹேஸ் லாஸ்ட்' என்று எழுதுகிறோம். 'வீ ____ அவர் டின்னர்', வினை 'ஃபினிஷ்'. 'ஹேவ் ஃபினிஷ்ட்' என்று எழுதுகிறோம். மூன்றாவது வாக்கியத்துக்கு வரும்போது கண் வாக்கியத்தைப் படிப்பதை விட்டுவிடுகிறது. எழுவாயைப் பார்த்து ஹேவா, ஹேஸா என்று முடிவு செய்து, அடைப்புக்குறிக்குள் இருக்கும் வினையின் மூன்றாம் வடிவத்தைப் போட்டால் வேலை முடிந்தது. பத்துக்குப் பத்து. இந்தப் பத்தில் நாம் பழகியது என்ன? வினையின் மூன்றாம் வடிவம். இங்கே பிரசென்ட் பெர்ஃபெக்ட் வருமா வராதா என்ற கேள்வியைத் தலைப்பே நமக்காகத் தீர்த்துவைத்துவிட்டது.

இப்போது டெஸ்ட் தாளுக்கு வாருங்கள். அங்கே தலைப்பு இல்லை. 'வீ ____ இன் தட் ஹவுஸ் ஃபார் டென் இயர்ஸ், அண்ட் தென் வீ மூவ்ட் டு மதுரை.' வினை 'லிவ்'. ஃபார் என்றால் பிரசென்ட் பெர்ஃபெக்ட் என்று உருப்போட்டு வைத்தவர், 'ஃபார் டென் இயர்ஸ்' கண்ணில் பட்டதும் 'ஹேவ் லிவ்ட்' என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவார். வாக்கியத்தின் பின்பாதியைப் படித்தவருக்குத்தான் அந்தப் பத்து வருஷம் முடிந்துபோன கதை, 'லிவ்ட்' என்று மட்டும் எழுத வேண்டும் என்பது புரியும். இரண்டு வடிவங்களும் இருவருக்கும் தெரியும். எதை எப்போது என்பதில்தான் மதிப்பெண் பிரிகிறது. ஜோடிகளைப் பற்றி மேலே சொன்னது இதற்காகத்தான். பிரீ-இன்டர்மீடியட் கிராமர் என்பது பெரும்பாலும் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் கலை, யூனிட் வாரியாகச் செய்யும் பயிற்சி அந்தத் தேர்வைத்தான் நம் கையிலிருந்து பிடுங்கிக்கொள்கிறது.

ரேமண்ட் மர்ஃபி இதை அறிந்தே இருந்தார் என்று நினைக்கிறேன். கேம்பிரிட்ஜ் வெளியீடாக 1985-ல் முதலில் வந்த அவருடைய 'இங்கிலீஷ் கிராமர் இன் யூஸ்' உலகம் முழுக்கப் போன நீல அட்டைப் புத்தகம். இடது பக்கம் விளக்கம், வலது பக்கம் பயிற்சி என்ற அதன் அமைப்பு எல்லோருக்கும் தெரியும். அதே பலம்தான் அதன் அபாயமும், ஏனென்றால் வலது பக்கத்தில் சந்தேகம் வந்தால் கழுத்தைக்கூடத் திருப்பாமல் இடது பக்கத்தைப் பார்த்துவிடலாம். ஆனால் ஒரே யூனிட்டில் சிம்பிள் பாஸ்டையும் பிரசென்ட் பெர்ஃபெக்டையும் எதிரெதிரே நிறுத்தும் பாடங்களும் அதில் உண்டு. புத்தகத்தின் பின்பகுதியில் 'அடிஷனல் எக்ஸர்சைசஸ்' என்று, பல யூனிட்களைக் கலந்து கொடுத்த பக்கங்களும் இருக்கின்றன. பலர் அந்தப் பக்கம் வரை போவதே இல்லை. டெஸ்டுக்கு ஒரு வாரம் இருக்கும்போது அந்தப் புத்தகத்தை எங்கே திறப்பது என்று கேட்டால், பின்னாலிருந்து திறங்கள் என்றுதான் சொல்வேன். சிவப்பு அட்டையில் வரும் ஆரம்பநிலைப் புத்தகத்துக்கும் இது பொருந்தும்.

கலந்து பயிற்சி செய்தால் உண்மையிலேயே பலன் கூடுகிறதா? 1994-ல் வெளியான ஓர் ஆய்வு அமெரிக்கக் கல்லூரி பேஸ்பால் வீரர்களை வைத்து இதைப் பார்த்தது. வாரத்துக்கு இரண்டு முறை, ஆறு வாரம், ஒவ்வொரு முறையும் கூடுதலாக 45 பந்துகள். ஒரு குழுவுக்கு வேகப்பந்து பதினைந்து, வளைபந்து பதினைந்து, வேகம் குறைத்து எறியும் பந்து பதினைந்து என்று வகைவாரியாக எறிந்தார்கள். இன்னொரு குழுவுக்கு அதே 45-ஐயும் கலந்து எறிந்தார்கள். எந்தப் பந்து வரும் என்று முன்பே தெரிந்து ஆடியவர்களின் ஆட்டம் 25 சதவீதம் முன்னேறியது, தெரியாமல் ஆடியவர்களின் ஆட்டம் 57 சதவீதம். வலைப்பயிற்சியில் அடுத்தது யார்க்கர் என்று சொல்லிவைத்துப் போட்டால் யார்தான் அடிக்க மாட்டார்கள்? இதுவும் கிராமர் இல்லையே என்பவர்களுக்கு ஜப்பானிலிருந்து நேரடியான சான்று உண்டு. தாத்சுயா நகாதா, யுயிச்சி சுஸுகி இருவரும் 2019-ல் வெளியிட்ட ஆய்வில் 115 ஜப்பானிய மாணவர்கள் ஐந்து ஆங்கில இலக்கண வடிவங்களைப் படித்தார்கள். வகைவாரியாகப் பயின்றவர்களைவிடக் கலந்து பயின்றவர்கள் பயிற்சியின்போது அதிகத் தவறுகள் செய்தார்கள். ஒரு வாரம் கழித்து நடந்த டெஸ்டில் முந்தியவர்கள் அவர்கள்தான். நீர்நாய்ச் சோதனையில் கண்ட அதே கவிழ்ப்பு இங்கேயும் நடந்திருக்கிறது. பயிற்சி நேரத்தில் சுலபமாக இருப்பது எது என்பதை வைத்து, பயன் தருவது எது என்று முடிவு செய்யக் கூடாது என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்?

தவறுகள் என்றதும் ஆசிரியர்களிடமிருந்து ஓர் எதிர்ப்பு வரும். தப்பாக எழுதிப் பழகினால் தப்பே பதிந்துவிடாதா? இதை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. நான்கு விடைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் வகைக் கேள்விகளில், தவறான விடையை டிக் அடித்தவர்கள் சிலர் பின்னர் அதையே சரி என்று நம்பி எழுதுவதை ரோடிகரும் எலிசபெத் மார்ஷும் 2005-ல் காட்டியிருக்கிறார்கள். அந்த ஆபத்துக்கு மருந்து, விடையைச் சரிபார்ப்பது. ஒரு தாளை முழுக்க எழுதி முடித்துவிட்டு, உடனே விடைப் பக்கத்தைத் திறந்து ஒவ்வொன்றாக ஒப்பிட வேண்டும். ஒவ்வொரு கோட்டையும் நிரப்புமுன் விடையை எட்டிப் பார்ப்பவர் தேடும் உழைப்பை இழக்கிறார், எழுதிவிட்டுச் சரிபார்க்காமல் மூடிவைப்பவர் திருத்தத்தை இழக்கிறார். தவறான இடத்தில் சரியான விடையை மட்டும் எழுதிக்கொண்டு போவதிலும் பயன் குறைவு. பக்கத்தில் காரணத்தை ஒரு வரியில் தமிழிலேயே எழுதலாம்: 'அண்ட் தென் மூவ்ட் என்று வருகிறது, முடிந்த கதை.' அப்படி நாலைந்து தாள்கள் சேர்ந்தால், எந்த ஜோடியில் நீங்கள் திரும்பத் திரும்ப இடறுகிறீர்கள் என்பது கண்ணெதிரே தெரியும்.

நம்மவர்கள் இடறும் இடங்கள் சில முன்கூட்டியே தெரிந்தவை. 'நேற்று உங்கள் வீட்டுக்கு வந்திருந்தேன்' என்பது தமிழில் இயல்பான, மரியாதையான வாக்கியம். அதே நினைப்பில் ஆங்கிலத்தில் எழுதினால் 'ஐ ஹேட் கம் டு யுவர் ஹவுஸ் யெஸ்டர்டே' என்று வந்து நிற்கும், டெஸ்டில் அதற்கு மதிப்பெண் கிடையாது. 'ஐ கேம்' போதும். 'எனக்கு இரண்டு அண்ணன்கள் இருக்கிறார்கள்' என்பதை 'ஐ ஆம் ஹேவிங்' என்று தொடங்குவதும், 'டிட்' போட்ட பிறகும் 'வென்ட்' என்று எழுதுவதும் இந்த வகை. எல்லா நாட்டு மாணவர்களுக்கும் பொதுவாக எழுதப்பட்ட பாடப்புத்தகம் இவற்றுக்குத் தனிப் பக்கம் ஒதுக்காது. உங்கள் திருத்தத் தாள்கள்தான் உங்களுக்கான பாடப்புத்தகம்.

முதலில் விதி புரிய வேண்டாமா என்பது அடுத்த கேள்வி. வேண்டும்தான். நீர்நாய்ச் சோதனையிலும் ஓர் அமர்வு எல்லோரும் படித்தார்கள். அறியாத ஒன்றை யாராலும் நினைவிலிருந்து எடுக்க முடியாது. ஒரு யூனிட்டைப் புதிதாகக் கற்கும் நாளில் வகைவாரிப் பயிற்சிக்கு ஓர் இடம் உண்டு, வடிவம் கைக்குப் பழக வேண்டுமே. பிராக்ரஸ் டெஸ்ட் வருவது அந்த நாள் கடந்து பல வாரங்களுக்குப் பிறகு. அப்போதும் அதே முதல் நாள் பயிற்சியைத் திரும்பச் செய்வதைத்தான் நான் மறுக்கிறேன்.

டெஸ்ட் நாளைக்கே என்றால்? ஐந்து நிமிடக் கணக்கில் படித்தவர்கள்தானே முந்தினார்கள் என்று எண்ணை என் மீதே திருப்பலாம். ஹாலுக்குள் போவதற்கு ஐந்து நிமிடம் முன்பு புத்தகத்தைப் புரட்டுவதை நான் தடுக்க மாட்டேன், அந்த ஐந்து நிமிடத்துக்கு அதுவே சரி. ஆனால் அதே ஆய்வின் முதல் பகுதியில் இரண்டு நாள் இடைவெளியிலும் பார்த்திருக்கிறார்கள். திரும்பப் படித்தவர்கள் 54 சதவீதம், எழுதிப் பார்த்தவர்கள் 68. இரண்டே நாளில் தராசு சாய்ந்துவிடுகிறது. எவ்வளவு இடைவெளி விட்டுத் திரும்பப் பார்ப்பது என்பதற்கும் கணக்கு உண்டு. நிக்கோலஸ் செபேடாவும் குழுவினரும் 2008-ல் 1,350-க்கும் மேற்பட்டவர்களிடம் நடத்திய ஆய்வில், ஏழு நாள் கழித்து டெஸ்ட் என்றால் இரண்டு படிப்புகளுக்கு இடையே ஒரு நாள் இடைவெளியும், 35 நாள் கழித்து என்றால் ஏறக்குறைய 11 நாள் இடைவெளியும் நல்ல பலன் தந்தன. அடுத்த வாரம் டெஸ்ட் என்று தெரிந்தவர் ஞாயிற்றுக்கிழமை மூன்று மணி நேரம் ஒரேயடியாக உட்காருவதைவிட, அந்த நேரத்தை நாலைந்து நாளுக்குப் பிரித்துக்கொள்வது நல்லது. முதல் நாள் பொருளடக்கத்தை மட்டும் திறந்து, ஒவ்வொரு யூனிட் பெயருக்கும் நேரே தெரிந்ததை வெற்றுத்தாளில் எழுதி, விட்டுப்போனதைப் புத்தகத்தில் பார்க்கலாம். அன்றே யூனிட்டுக்கு மூன்று நான்கு வாக்கியங்களை, தலைப்பு தெரியாதபடி, மாற்றி மாற்றி ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்ளலாம். விடை எழுதுவது மறுநாள். அதற்கடுத்த நாள் தவறியவை மட்டும், பிறகு புதிய கலவை ஒன்று. இருவர் சேர்ந்து படித்தால் இன்னும் வசதி, ஒருவர் தாளை மற்றவர் தயாரிக்கலாம்.

டெஸ்ட் என்ற சொல்லே நமக்குக் கசப்பதற்கும் வரலாறு உண்டு. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அயல்மொழியினருக்கான தன் முதல் ஆங்கிலத் தேர்வை 1913-ல் நடத்தியபோது எழுதியவர்கள் மூன்றே பேர். மொழிபெயர்ப்பு, கிராமர், கட்டுரை, இலக்கியம், ஒலியியல், வாய்மொழித் தேர்வு எல்லாம் சேர்த்து மொத்தம் 12 மணி நேரம். மூன்று பேருமே தேறவில்லை. அன்றிலிருந்து தேர்வு என்றால் தீர்ப்பு என்ற எண்ணம் ஆங்கிலம் கற்பவர்களை விட்டு நீங்கவில்லை. பிராக்ரஸ் டெஸ்டை அந்தக் கண்ணோடு பார்ப்பது அநியாயம். எதையும் முடிவு செய்வதற்காக வைப்பதில்லை அதை. ரோடிகரின் எண்கள் காட்டுகிறபடி, டெஸ்ட் எழுதும் அந்த நேரமே படிப்பின் ஒரு பகுதி. அதனால் திருத்திக் கொடுத்த தாளை மடித்துப் பைக்குள் வைப்பவர் பாதிப் பலனைப் பைக்குள் வைத்துவிடுகிறார். ஒரு வாரம் கழித்து அந்தத் தாளை, விடைகளை மறைத்து, மறுபடி எழுத வேண்டும். ஆசிரியர்கள் இதற்கு வகுப்பில் இருபது நிமிடம் ஒதுக்கினால் புதிய யூனிட் ஒன்றும் பாழாகிவிடாது.

பெரிய ஆட்சேபம் ஒன்று பாக்கி. மொழியியலாளர் ஸ்டீஃபன் கிராஷன் 1980-களின் தொடக்கத்திலிருந்து சொல்லிவருவது: விதி படித்து அறிந்த கிராமர், பேச்சில் தானாக வரும் மொழியாக மாறுவதில்லை, புரியும்படியான ஆங்கிலத்தை நிறையக் கேட்டும் படித்தும்தான் மொழி உள்ளே இறங்கும். அப்படியானால் இந்த உழைப்பெல்லாம் எதற்கு? கிராஷனே இதில் ஓர் இடம் விட்டுவைத்திருக்கிறார். கற்ற விதி மேற்பார்வையாளராக வேலை செய்ய மூன்று நிபந்தனைகள் சொல்கிறார். யோசிக்க நேரம் வேண்டும், வடிவத்தின் மீது கவனம் வேண்டும், விதி தெரிந்திருக்க வேண்டும். எழுத்துத் தேர்வில் மூன்றும் இருக்கின்றன. வேலைக்கு விண்ணப்பம் எழுதும்போதும், அலுவலக மின்னஞ்சலை அனுப்புமுன் ஒருமுறை திருத்தும்போதும் மூன்றும் இருக்கின்றன. பேச்சு வேறு கணக்கு என்பதில் எனக்கும் அவரோடு சண்டையில்லை. ஒரு நாளில் அரை மணி நேரம் கலவைத் தாள் என்றால், ஒரு மணி நேரமாவது எளிய ஆங்கிலக் கதைப் புத்தகம் என்று வைத்துக்கொள்ளலாம். ஃபார் எங்கே, சின்ஸ் எங்கே என்பதைத் தாளில் தேடிப் பழகிய கண், கதையில் அவை வரும்போது நின்று பார்க்கும்.

ஆர்ட்டிகிள்களுக்கு இனி இடமில்லை, அடுத்த வாரம் அவை மட்டும்தான். அதற்குள் ஒரு வேலை செய்து வையுங்கள். நாளிதழிலிருந்தோ பாடப்புத்தகத்திலிருந்தோ பத்து வரி ஆங்கிலப் பத்தி ஒன்றை ஒரு தாளில் எழுதுங்கள். ஏ, ஆன், தி வரும் இடங்களிலும், எதுவுமே வராத நாலைந்து பெயர்ச்சொற்களுக்கு முன்னாலும் கோடு போடுங்கள். அன்று நிரப்ப வேண்டாம். மறுநாள் நிரப்பி, மூலத்தோடு ஒப்பிட்டு, தவறியவற்றுக்குப் பக்கத்தில் காரணம் எழுதப் பாருங்கள். காரணம் எழுத முடியாத இடங்களைச் சுழித்து வையுங்கள், அங்கிருந்து தொடங்குவோம்.